அய்யூப்பாக அய்யூப்

என் வீட்டுக்குள் ஓர் உளவாளி இருப்பதாக ஏழாவது வீடியோவில்தான் எனக்கு முதல் சந்தேகம் வந்தது. அதற்கு முந்திய ஆறு வீடியோவிலும் நான் மடையனாக, நிம்மதியாக இருந்தேன்.

என் பெயர் அய்யூப். ராஜபாளையத்தில் பஞ்சு மார்க்கெட் பக்கம் தையல்காரர்களுக்கு வேண்டிய நூல், பட்டன், ஜிப் விற்கிற கடை வைத்திருக்கிறேன். அது வயிற்றுக்கு. பெயருக்கு நான் மிமிக்ரி கலைஞன். கோயில் கொடை, கல்யாண வரவேற்பு, பள்ளிக்கூட ஆண்டு விழா என்று இருபத்தைந்து வருஷமாக இந்த வட்டாரத்தில் நான் ஏறாத மேடை கிடையாது. அரசியல்வாதி, நடிகர், பஸ் கண்டக்டர், பிரஷர் குக்கர், பழைய மோட்டார் பம்பு என்று நாற்பது குரல் எனக்கு வரும். என் சொந்தக் குரலை மட்டும் எந்த மேடையிலும் யாரும் கேட்டதில்லை.

ஸ்ரீவில்லிபுத்தூரில் கல்யாண வீடியோ எடுக்கிற விக்னேஷ்வரன்தான் முதலில் கேட்டான்.

"அண்ணே, நீங்க வேற யார் மாதிரியும் பேச வேண்டாம். அய்யூப்பாவே வாங்க. மூணு நிமிஷம், வெள்ளிக்கிழமைக்கு ஒண்ணு. யூட்யூப்ல போடுவோம்."

"அய்யூப்பா வந்து நான் என்னத்தலே பண்ணுதது?"

"ஒண்ணும் பண்ண வேண்டாம். நீங்க சும்மா இருந்தாலே சிரிப்பாத்தான் இருக்கும்."

இதற்கு நான் கோபப்பட்டிருக்க வேண்டும். ஒத்துக்கொண்டேன். ஒரே ஒரு நிபந்தனை போட்டேன். என் வீட்டுப் பெண்களின் முகமோ குரலோ பெயரோ வரக் கூடாது. அதனால் வீடியோவில் நான் எப்போதும் ஒரு சாத்திய கதவைப் பார்த்துப் பேசுவேன். கதவுக்கு அந்தப் பக்கம் மனைவி இருப்பதாக வைத்துக்கொள்ள வேண்டும். அவள் சொல்லும் பதில் கேட்காது. என் முகம் போகிற போக்கைப் பார்த்து ஜனங்களே பதிலைத் தெரிந்துகொள்வார்கள். இந்தக் கதவு ஊருக்குப் பிடித்துப்போயிற்று. ஜும்மா முடிந்து வெளியே வந்தால் செருப்பைத் தேட விடாமல் பிடித்துக்கொண்டு, "கதவு நல்லாருக்காங்களா பாய்?" என்று கேட்க ஆரம்பித்தார்கள்.

வீடியோ முடியும்போது இரண்டு வரி ஓடும். அய்யூப்பாக: அய்யூப். எழுத்து: கண்ணா.

இந்தக் கண்ணா யார் என்று நான் முதலில் கேட்கவில்லை. எழுதியது விக்னேஷ்வரனின் வாட்ஸாப்புக்கு வரும், அவன் அச்செடுத்துக் கொடுப்பான், நான் பேசுவேன். கைதட்டல் நமக்கு வரும்போது எழுதியவனைப் பற்றி எந்த நடிகன் விசாரித்திருக்கிறான்?

ஏழாவது வீடியோவுக்கு வந்த தாளில் உப்பு விஷயம் இருந்தது. டாக்டர் உப்பைக் குறைக்கச் சொன்னார் என்று என் மனைவி நசீமா எனக்கு மட்டும் தனியாக ஆணம், அதாவது குழம்பு, காய்ச்சுகிறாள். நான் கத்துவேன். அவள் தொழப் போனதும் மகள் தட்டிலிருக்கும் ஆணத்தில் நாலு வாய் தொட்டுக்கொள்வேன். "நாலு வாய் ஆச்சு அத்தா" என்று அவள் சத்தமாக எண்ணுவாள். அவள் திரும்பி வந்ததும், "இப்ப உப்பு சரியாத்தான் இருக்கு" என்பேன். அப்படியே எழுதியிருந்தது, அந்த நாலு வாய் உட்பட. சரி, எல்லா வீட்டிலும் நடப்பதுதானே என்று மனதைத் தேற்றிக்கொண்டேன்.

எட்டாவதைத் தேற்ற முடியவில்லை.

வெளியில் சொல்ல வெட்கமாக இருக்கிறது. குளிக்கும்போது நான் விருது வாங்குவேன். தினமும் வாங்குவேன். தண்ணீரைத் தலையில் ஊற்றியதும் பெயரை அறிவிப்பார்கள், நான் போய் வாங்கிக்கொண்டு ஏற்புரை சொல்வேன். "இத்தருணத்திலே" என்று ஆரம்பிப்பேன். அதற்கு மேல் எனக்கு ஓடாது. மறுபடியும் "இத்தருணத்திலே." இன்னும் ஒரு சொம்பு. இன்னொரு "இத்தருணத்திலே." தாளில் மூன்று இத்தருணத்திலேயும் இருந்தன. நடுவில் ஊற்றுகிற சொம்புகூட இருந்தது.

ஆத்திரம் ஒரு பக்கம். ஆனால் அதை எடுத்துப் போட்ட இரண்டு நாளில் அறுபதாயிரம் பேர் பார்த்தார்கள் என்பது இன்னொரு பக்கம். இந்தப் பக்கமே கொஞ்சம் கனமாக இருந்ததால் விக்னேஷ்வரனிடம் பதமாகத்தான் கேட்டேன்.

"யாருலே அந்தக் கண்ணா?"

"பேரைச் சொல்லக் கூடாதுன்னு கண்டிஷன் போட்டிருக்காவ அண்ணே."

"எந்த ஊர்க்காரன்?"

"பக்கத்துலதான்."

"என்ன வயசு இருக்கும்?"

"அதெல்லாம் நான் கேக்கல" என்று சொல்லிவிட்டுச் சிரித்தான். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

என் வீட்டில் இருப்பது மூன்று பேர். நான், நசீமா, மகள் ஃபாயிஸா. அவள் பி.எஸ்சி கணக்கு முடித்துவிட்டு எம்.எஸ்சி இடத்துக்காகக் காத்திருந்தாள். நான் குளிப்பது இந்த இரண்டு பேருக்குத்தான் கேட்கும். இவர்களில் ஒருத்தி கண்ணா என்கிற ஒருவனிடம் என் வீட்டை அவிழ்த்துக் கொட்டுகிறாள். நசீமாவுக்கு வாட்ஸாப்பில் காலை வணக்கப் படம் அனுப்பவே இன்னொருத்தர் உதவி வேண்டும். அப்படியானால் யார்? கண்ணா என்பது எந்த வயதுப் பையனின் பெயர்? இந்த இடத்தில் என் சந்தேகம் ஃபாயிஸா மேல் போய் நின்றது. அதற்குப் பிறகு எனக்குச் சோறு இறங்கவில்லை, உப்பு இருந்தும்.

சோதித்துப் பார்ப்பது என்று முடிவு செய்தேன். சமையலறையில் நசீமாவிடம் மட்டும் ஒரு பொய் சொன்னேன். "தலை வழுக்கையாகிக்கிட்டே வருது. மதுரைல போயி ஒரு விக்கு வாங்கலாம்னு இருக்கேன்."

"வாங்குங்க. எண்ணெய்ச் செலவு மிச்சம்" என்றாள்.

அன்று சாயங்காலம் கூடத்தில் ஃபாயிஸாவிடம் மட்டும் வேறு பொய். "அய்யனார் கோவில் அருவில போயி நீச்சல் படிக்கப் போறேன் பாப்பா. யார்ட்டயும் சொல்லிராத."

"அருவில குளிக்கத்தான் முடியும் அத்தா. நீச்சல் எங்க அடிப்பீங்க?" என்று சிரித்தாள்.

எந்தப் பொய் தாளில் வருகிறதோ அவள்தான் ஆள். சி.பி.ஐ.காரன்கூட இதற்கு மேல் யோசிக்க மாட்டான். ஒன்பதாவது தாள் வந்தது. அய்யூப் புது விக் மாட்டிக்கொண்டு அய்யனார் கோவில் அருவிக்கு நீச்சல் படிக்கப் போகிறார். விக் தண்ணீரோடு போய்விடுகிறது. அதைத் துரத்திக்கொண்டு ஓடுகிறார்.

இரண்டு பொய்யும் வந்திருந்தன. தாளை இன்னொரு தடவை படித்துப் பார்த்தேன். ஒரு ஆள் இல்லை, இரண்டு பேரும் கூட்டு!

அதையும் போய் நடித்தேன். அருவித் தண்ணீரில் விக்கைத் துரத்திக்கொண்டு ஓடும்போது, பாறையில் உட்கார்ந்திருந்த குடும்பங்கள் எல்லாம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தன. நான் பல்லைக் கடித்துக்கொண்டு ஓடினேன். அதில் என் முகத்தில் தெரிகிற பதற்றம் அபாரம் என்று வீடியோவுக்குக் கீழே நூறு பேர் எழுதியிருந்தார்கள்.

காமாலைக் கண்ணுக்குக் கண்டதெல்லாம் மஞ்சள் என்பார்கள். அந்த வாரம் எனக்கு வீடே மஞ்சளாக இருந்தது. ஃபாயிஸா போனைப் பார்த்துச் சிரித்தால் சந்தேகம். சிரிக்காவிட்டால் அதைவிடப் பெரிய சந்தேகம். நசீமா கதவைச் சாத்தினால், ஏன் சாத்துகிறாள்? திறந்து வைத்தால், யாருக்குக் கேட்பதற்காகத் திறந்து வைக்கிறாள்?

திங்கட்கிழமை கடையில் கூட்டமில்லை. சீக்கிரமே வீட்டுக்கு வந்துவிட்டேன். மொட்டை மாடியில் காயப்போட்ட துணி எடுக்கிற நேரம். மாடிப்படியில் பாதி ஏறியபோது மேலே இரண்டு பெண்கள் கிசுகிசுவென்று பேசுவது கேட்டது. ஒருத்தி ஃபாயிஸா. இன்னொருத்தி பக்கத்து வீட்டுப் பெண், பெயர் இந்து. சுப்புராஜின் மனைவி. எங்கள் வீட்டுக்கும் அவர்கள் வீட்டுக்கும் நடுவில் ஒரே சுவர், மாடிக்கு நடுவில் இடுப்பளவு கைப்பிடிச் சுவர். வீட்டுக்குள் தெலுங்கு பேசுகிறவர்கள். சுப்புராஜின் அம்மா இருமினால் தெருவில் ஆட்டோகூட ஹாரன் அடிக்காது. அப்படி ஒரு மாமியாரிடம் அந்தப் பெண் ஏழு வருஷமாகக் காலம் தள்ளுகிறாள்.

"கண்ணா விஷயம் அத்தாக்கு மட்டும் தெரியக் கூடாது. தெரிஞ்சா அம்புட்டுதான், வீடு ரெண்டாயிரும்."

"சத்தியமா சொல்ல மாட்டேன்."

படியிலேயே நின்றுவிட்டேன். முதலில் பேசியது என் மகள்தான். வேறு யார் வீட்டில் அத்தா இருக்கிறார்? இந்தத் தெருவில் தகப்பனை அத்தா என்று கூப்பிடுவது என் வீட்டில் மட்டும்தான். நான் சாதாரணக் காது உள்ளவனும் இல்லை. ஒரு மனிதன் இருமினாலே எந்த ஊர் என்று சொல்வேன். மேடையில் இதையே ஒரு ஐட்டமாக வைத்திருந்தேன்.

மேலே ஏறினேன். இரண்டு பேரும் திடுக்கிட்டுத் திரும்பினார்கள். இந்துவின் முகம் வெளிறிப்போனது. "வாங்கண்ணே" என்று சொல்லிவிட்டு, பாதித் துணியைக் கொடியிலேயே விட்டுவிட்டு இறங்கிப் போய்விட்டாள். மடியில் கனமிருந்தால்தானே வழியில் பயம்.

"யாருட்டி கண்ணா?"

ஃபாயிஸாவின் கண் விரிந்தது. "ஒங்களுக்கு எப்படித் தெரியும்?"

எனக்கு அது போதும். உலகத்தில் இதைவிடத் தெளிவான வாக்குமூலம் உண்டா? கீழே வந்து கத்தத் தொடங்கினேன். யார் அவன், எங்கே பார்த்தாய், எத்தனை நாளாக நடக்கிறது, என் குளியலறைவரை அவனிடம் சொல்கிற அளவுக்கு என்ன பழக்கம். அவள் முதலில் அழவில்லை. பொறுமையாகத்தான் சொன்னாள்.

"அத்தா, நீங்க நெனக்குத மாதிரி ஒண்ணுமே இல்ல. இது என் ரகசியம் இல்ல, இன்னொருத்தவங்களது. வாக்குக் குடுத்துட்டேன். கொஞ்ச நாள் பொறுங்க, அவங்களே சொல்லுவாங்க. சத்தம் மட்டும் போடாதீங்க."

"ஏன், சத்தம் போட்டா அவனுக்குக் கேட்டுருமோ?"

அவள் சுவரைப் பார்த்தாள். அந்தப் பார்வையையும் நான் திருட்டு முழி என்றுதான் எடுத்துக்கொண்டேன். அவள் கையிலிருந்த போனைப் பிடுங்கினேன்.

நசீமா குறுக்கே வந்தாள். "பெத்த புள்ளைய இப்படிச் சந்தேகப்படுததுக்கு ஒங்களுக்கு எப்படி மனசு வருது? அவ என்னைக்காவது ஒங்ககிட்டப் பொய் சொல்லியிருக்காளா?"

"ஒனக்கும் இதுல பங்கு இருக்குன்னு எனக்குத் தெரியும்" என்றேன். நசீமா என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு உள்ளே போனாள். கல்யாணமாகி இருபத்திரண்டு வருஷத்தில் அந்தப் பார்வையை நான் வாங்கியதில்லை.

போனை அணைத்துக் கொண்டுபோய்க் கடையில், ஜிப் பெட்டிகளுக்கு அடியில் வைத்துப் பூட்டினேன்.

மறுநாள் காலையில் ஃபாயிஸா என் முன்னால் வந்து நின்றாள். கண் வீங்கியிருந்தது. "அத்தா, காலேஜ்ல இருந்து மெசேஜ் வரும். பேர் வந்தா இருபத்துநாலு மணி நேரத்துக்குள்ள சம்மதம்னு அனுப்பணும். ஓ.டி.பி. அந்த நம்பருக்குத்தான் வரும். போனை நீங்களே வச்சுக்கோங்க. ஆன் மட்டும் பண்ணி வைங்க. மெசேஜ் வந்தா சொல்லுங்க, போதும்."

இதில் மறுக்க என்ன இருக்கிறது? ஒன்றுமில்லை. இப்போது எனக்குத் தெரிகிறது. அன்றைக்கு எனக்குத் தோன்றியது வேறு. போன் ஆனில் இருந்தால் அவன் கூப்பிடுவான், இவள் எப்படியாவது பேசிவிடுவாள், கெட்டிக்காரி, ஓ.டி.பி. என்கிறாள். "நல்லா நடிக்கே. எம் மகளாச்சே" என்று சொல்லிவிட்டுக் கடைக்குப் போனேன்.

அந்த இடம் எம்.எஸ்சி கணக்கு. ஸ்ரீவில்லிபுத்தூர் தாண்டி வன்னியம்பட்டிப் பக்கம் உள்ள ஒரு கல்லூரி. மதுரை, திருநெல்வேலிக்கெல்லாம் அனுப்ப மாட்டேன், பஸ்ஸில் போய்ச் சாயங்காலம் திரும்புகிற தூரம்தான் என்று நானே சொல்லியிருந்ததால் அந்த ஒரு கல்லூரிக்குத்தான் விண்ணப்பம் போட்டிருந்தாள். அது கிடைக்காவிட்டால் அந்த வருஷம் அவளுக்கு வீடுதான். வீட்டில் சும்மா இருக்கிற பெண்ணுக்கு எங்கள் சொந்தத்தில் என்ன செய்வார்கள் என்று அவளுக்குத் தெரியும், எனக்கும் தெரியும்.

வியாழக்கிழமை விக்னேஷ்வரன் கூப்பிட்டான். "அண்ணே, இந்த வாரம் எபிசோடு இல்ல. கண்ணாகிட்ட இருந்து எழுத்து வரல. அவிய ஊர்ல இல்ல போல. போன் போட்டாலும் எடுக்கல."

போனை வைத்துவிட்டு நான் கடையிலேயே எழுந்து நின்றுவிட்டேன். திங்கட்கிழமை போனைப் பிடுங்கினேன். வியாழக்கிழமை எழுத்து நின்றுவிட்டது. இரண்டும் இரண்டும் நாலு. சத்தியமாகச் சொல்கிறேன், எனக்கு சந்தோஷமாக இருந்தது. என் மகள் என்னை ஏமாற்றினாள் என்று நிரூபணமானதில் எனக்கு சந்தோஷம். இப்படி ஒரு தகப்பன் எங்காவது இருப்பானா? விக்னேஷ்வரன் அந்தக் கண்ணாவை "அவிய" என்று மரியாதையாகச் சொன்னதுகூட என் காதில் ஏறவில்லை. அவன் இருபது வயதுப் பையனை அவிய என்று சொல்கிற ஆள் இல்லை.

சனிக்கிழமை மதியம் சாப்பாட்டுக்கு வந்தபோது அந்த நிரூபணத்தை இரண்டு பெண்கள் முன்னாலும் வைத்தேன். ஒரு வக்கீல் குரலில்தான் சொன்னேன் என்று நினைக்கிறேன். "போனு எங்கிட்ட. எழுத்து நின்னுபோச்சு. இப்ப சொல்லு, யாரு கண்ணா? நான் போலீசுக்குப் போகவா, அவன் வீட்டுக்குப் போகவா?"

ஃபாயிஸா இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டாள்.

அப்போது வாசலில் செருப்புச் சத்தம். இந்து வந்து நின்றாள். கையில் பயணப் பை. வ. புதுப்பட்டியில் அம்மாவுக்கு உடம்பு சரியில்லை என்று செவ்வாய்க்கிழமை காலையில் போனவள், அப்போதுதான் பஸ்ஸை விட்டு இறங்கியிருக்கிறாள். வீட்டுக்குள் நுழைந்ததும் நான் கத்துவது சுவர் வழியாகக் கேட்டிருக்கிறது. பையைக்கூட வைக்காமல் வந்துவிட்டாள்.

"அண்ணே, கண்ணா நான்தான்."

எனக்குப் புரியவில்லை. அவளே சொல்லிக்கொண்டு போனாள்.

"ஒங்க பாத்ரூமும் எங்க பாத்ரூமும் ஒரே சுவருண்ணே, மேல ஜன்னல் தொறந்து கெடக்கும். ஒங்க கூடத்துலயும் அடுப்படியிலயும் பேசுறது எங்க அடுப்படியில கேக்கும். சிரிப்பா இருக்கும், எழுதி வச்சேன். விக்னேஷ்வரன் தங்கச்சி எங்கூடப் படிச்சவ, அவ மூலமா நம்பர் வாங்கி அனுப்புனேன். பாப்பா என் போனைப் பாத்துக் கண்டுபிடிச்சிருச்சு. திங்கக்கிழமை நீங்க கத்துனதும் கேட்டுச்சு, பயந்துபோயி வாயத் தொறக்கல. நான்தான் அது கையப் புடிச்சுக் கெஞ்சுனேன், அத்தக்கு மட்டும் தெரியக் கூடாதுன்னு."

அத்த.

அத்தா இல்லை. அத்த. அவள் மாமியார். தெலுங்கில் மாமியார் அத்த. ஒரு துணைக்கால் வித்தியாசம். புதுப் பெண்ணாக வந்தபோது இவள் "அத்தா" என்று மாமியாரை நீட்டிக் கூப்பிட்டால், இந்தப் பக்கம் நான் "என்னம்மா" என்று குரல் கொடுத்து, இரண்டு வீடும் சிரித்திருக்கிறது. அதையே மேடையில் சொல்லிக் கைதட்டல் வாங்கியவன் நான். இன்னொன்றும் எனக்குத் தெரியும். கிசுகிசுப்பில் யாருக்கும் சொந்தக் குரல் கிடையாது, கிசுகிசுக்கிற குரலை எந்தக் கொம்பனாலும் மிமிக்ரி பண்ண முடியாது. தொழிலில் முதல் பாடம் அது. நாற்பது குரல் தெரிந்தவனுக்குத் தன் மகள் குரல் எது, பக்கத்து வீட்டுக்காரி குரல் எது என்று தெரியவில்லை. காது சரியாகத்தான் இருந்தது. மனசுதான் அந்தத் துணைக்காலைப் போட்டுக்கொண்டது.

இந்து சத்தமாகத்தான் பேசினாள். வாசல் கதவு திறந்திருந்தது. அவளுக்குப் பின்னால், அவர்கள் வீட்டுப் படியில் சுப்புராஜின் அம்மா நின்றுகொண்டிருந்தார். எல்லாவற்றையும் கேட்டார். உள்ளே போய்க் கதவைச் சாத்தினார். இந்து அந்தச் சத்தத்தைக் கேட்டுக் கண்ணை மூடித் திறந்தாள். தெரிந்தேதான் வந்திருக்கிறாள். ஃபாயிஸா ஓடிப்போய் அவளைக் கட்டிக்கொண்டாள். என் பக்கம் யாரும் வரவில்லை.

கடைக்கு ஓடினேன். ஜிப் பெட்டிகளைத் தள்ளிவிட்டுப் போனை எடுத்தேன். போனை ஆன் செய்ததும் மெசேஜ்கள் வரிசையாக வந்தன. புதன்கிழமை காலை: உங்களுக்கு இடம் ஒதுக்கப்பட்டுள்ளது. புதன்கிழமை மாலை: நினைவூட்டல். வியாழக்கிழமை: உரிய நேரத்தில் சம்மதம் தெரிவிக்காததால் உங்கள் இடம் ரத்து செய்யப்படுகிறது.

வியாழக்கிழமை. நான் கடையில் எழுந்து நின்று சந்தோஷப்பட்ட அதே நாள்.

வீட்டுக்கு வந்து போனை ஃபாயிஸா கையில் கொடுத்தேன். படித்தாள். அடிப்பாள், திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். போனை மேசைமேல் வைத்துவிட்டு, காய்ந்த துணியை மடிக்கப் போய்விட்டாள். அதற்குப் பிறகு இரண்டு நாள் அவள் என்னிடம் பேசவில்லை. நசீமா மட்டும் சொன்னாள். "திங்கக்கிழமை காலேஜுக்குப் போங்க. கால்ல விழுந்தாவது கேளுங்க. இல்லன்னா இந்த வீட்டுல ஒங்களோட பேச ஆளு இருக்காது."

திங்கட்கிழமை நானும் ஃபாயிஸாவும் பஸ்ஸில் போனோம். கல்லூரி அலுவலகத்தில் சூப்பரிண்டெண்டென்ட் ஐயாதுரை என்றொருவர். நல்ல மனிதர். பதிவேட்டைப் பார்த்துவிட்டுச் சொன்னார். "காத்திருப்போர் பட்டியல்ல ஒரு புள்ள வரல. ஒரு இடம் இருக்கு. ஆனா ஏன் பதில் அனுப்பலன்னு பெத்தவங்க நேர்ல காரணம் சொல்லணும். சரியான காரணமா இருந்தா பிரின்சிபால் கையெழுத்துப் போடுவாங்க. சொல்லுங்க, என்ன காரணம்?"

வரும் வழியெல்லாம் ஒரு பொய்யைத் தயார் செய்துவைத்திருந்தேன். போன் தொலைந்துபோனது என்று. பக்கத்தில் ஃபாயிஸா நின்றாள். பொய் வாயில் வரவில்லை.

"நான்தான் சார் போனைப் பிடுங்கி வச்சிருந்தேன். எம் மக மேல சந்தேகப்பட்டேன். மெசேஜ் வரும்னு அவ கெஞ்சுனா. அதை நடிப்புன்னு நெனச்சேன். அவ மேல ஒரு தப்பும் இல்ல. தப்பு பூரா என்னோடது."

சொல்லும்போதே குரல் உடைந்து, கீச்சென்று அசிங்கமாக வந்தது. அப்புறம் பின் மேசையிலிருந்த பெண் சிரித்தாள். "சார், இது அய்யூப் பாய் சார்! யூட்யூப்ல கதவுகிட்டப் பேசுவாங்கள்ல!"

ஐயாதுரை கண்ணாடியைக் கழற்றி மாட்டினார். முகமெல்லாம் சிரிப்பு. "அட, நீங்களா? நான் நெசம்னுல்ல நெனச்சுட்டேன்! அடுத்த எபிசோடா பாய் இது? என்னா மூஞ்சி, என்னா மூஞ்சி!" அவர் சட்டைப்பையிலிருந்து போனை எடுத்தார். நாலு பேர் எங்களைச் சுற்றி வந்து நின்றுவிட்டார்கள். "இன்னொரு தடவ சொல்லுங்க பாய், எடுத்துக்கிடுதேன். எம் பொண்டாட்டி ஒங்க ரசிகை."

"சார், இது எபிசோடு இல்ல. நெசந்தான்" என்றேன். அதற்கும் சிரித்தார்கள்.

ஃபாயிஸாவைப் பார்த்தேன். இரண்டு நாளுக்குப் பிறகு முதல்முறையாக என்னிடம் பேசினாள். "சொல்லுங்க அத்தா. சீட்டு வேணும்."

இரண்டாவது தடவை சொன்னேன். அதே வார்த்தைகள்தான். ஆனால் இந்தத் தடவை குரல் கீச்சிடவில்லை. "நடிப்புன்னு" என்கிற வார்த்தைக்கு முன்னால் ஒரு மூச்சு நின்றது. நான் நிறுத்தவில்லை, அதுவாக நின்றது. கண்ணில் நீர் வந்து, விழாமல், சரியான இடத்தில் தங்கியது. கேமராவைப் பார்க்கவில்லை, அவளைத்தான் பார்த்துச் சொன்னேன். ஆனாலும் வெளிச்சம் எந்தப் பக்கம் இருக்கிறது என்று எனக்குத் தெரிந்தே இருந்தது. முடித்தபோது சிரித்துக்கொண்டிருந்தவர்கள் சும்மா நின்றார்கள். பின் மேசைப் பெண் துப்பட்டாவால் கண்ணைத் துடைத்தாள். ஐயாதுரை போனைத் தாழ்த்தி, "மனசைப் பெசைஞ்சுட்டீய பாய்" என்றார். என்னிடம் காரணக் கடிதம் எழுதி வாங்கி, அவரே உள்ளே கொண்டுபோனார். கால் மணி நேரத்தில் கையெழுத்தோடு வந்தார்.

திரும்பும் பஸ்ஸில் ஃபாயிஸா ஜன்னலோரம் உட்கார்ந்தாள். கடிதத்தின் நகலை மடித்து மடியில் வைத்திருந்தாள். ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் நிலையம் தாண்டியது. அப்புறம் வெளியே பார்த்துக்கொண்டே கேட்டாள்.

"ரெண்டு தடவ சொன்னீங்களே அத்தா, அதுல எது நெசம்?"

"ரெண்டும் நெசந்தாம்மா."

"மொதல்ல சொன்னப்ப எல்லாரும் சிரிச்சாங்க. பொறவு சொன்னப்ப எல்லாரும் அழுதாங்க. எனக்கும் அழுக வந்துச்சு." என் பக்கம் திரும்பினாள். "அதான் எனக்குச் சந்தேகமா இருக்கு."

அவள் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அதை எப்படி வைத்துக்கொள்வது என்று எனக்குத் தெரியவில்லை.